அடிமூடி கழலும் ஜெல்லி அச்சு: ஆறு மாதம் கவிழ்த்துப் பார்த்தபின்

முதலில் என் மணிக்கட்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் இந்த அச்சை ஏன் வாங்கினேன் என்பதே புரியாது. போன வருஷம் வலது மணிக்கட்டு முறிந்து, மாவுக்கட்டுப் போட்டு, பிரித்து, எல்லாம் சரியாகிவிட்டது. ஆனால் கனமான பாத்திரத்தைச் சட்டென்று திருப்ப மட்டும் வரமாட்டேன் என்கிறது. பாதியில் கை நடுங்கி நின்றுவிடும். ஜெல்லியைக் கவிழ்க்கும்போது பாதியில் நிற்பதைவிட மோசமான இடம் கிடையாது. மேலே போகவும் முடியாது, கீழே வரவும் முடியாது, தட்டுக்கும் அச்சுக்கும் நடுவிலிருந்து சிவப்பாக ஏதோ முழங்கைவரை வழிய ஆரம்பிக்கும்.

என்னிடம் ஏற்கெனவே இருந்தது உலோக அச்சு. மடிப்பு மடிப்பாக, பார்க்கக் கிரீடம் மாதிரி இருக்கும். கை நன்றாக இருந்த காலத்திலேயே அது காலை வாரியிருக்கிறது. அண்ணன் மகளின் பிறந்தநாளுக்கு மூன்று நிறத்தில் ஜெல்லி செய்தேன். வெந்நீரில் அச்சை முக்கி ஐந்து எண்ண வேண்டும். மூன்று எண்ணும்போது போன் அடித்தது. எடுக்கக்கூட இல்லை, யார் என்று எட்டிப் பார்த்தேன், அவ்வளவுதான். எண்ணிக்கை விட்டுப்போய், பன்னிரண்டா பதினைந்தா என்று தெரியவில்லை. கவிழ்த்தால் ஜெல்லி என்னவோ வந்துவிட்டது. மடிப்பு ஒன்றுகூட இல்லை. தேய்ந்த சோப்புக்கட்டி மாதிரி மழமழவென்று இருந்தது. அதோடு விட்டதா? உருகிய சாற்றிலேயே வழுக்கிக்கொண்டு தட்டின் ஓரத்தை நோக்கி நகர ஆரம்பித்தது. "அத்தை, இது உக்காந்திருக்கா, போயிட்டிருக்கா?" என்று கேட்டாள் குழந்தை.

சரி, இப்போது புது அச்சுக்கு வருகிறேன். இதே வடிவத்தில் பலர் விற்கிறார்கள், அதனால் பெயர் வேண்டாம். கெட்டியான பிளாஸ்டிக், 1.2 லிட்டர் கொள்ளும். மூன்று துண்டுகள். நடுவில் உடம்பு: குவிந்த கிண்ணம் மாதிரி, பக்கங்களில் பதினாறு வரிப்பள்ளங்கள். கிண்ணத்தின் அடியில் உள்ளங்கை அகலத்துக்கு வட்டமாக ஒரு ஓட்டை. அந்த ஓட்டையை அடைக்க ஒரு சின்ன மூடி, அதன் உட்பக்கத்தில் பூ வடிவம். வாய்ப்பக்கத்துக்கு ஒரு பெரிய மூடி. சின்ன மூடியைப் பொருத்தி, ஊற்றி, பெரிய மூடியைப் போட்டு ஃபிரிட்ஜில் வைக்க வேண்டும். எடுக்கும்போது அப்படியே தலைகீழாகத் திருப்பி வைத்து, இப்போது உச்சிக்கு வந்துவிட்ட சின்ன மூடியைக் கழற்றிவிட்டு, உடம்பை மேலே தூக்கினால் ஜெல்லி நிற்கும். அச்சோடு வந்த காகிதத்தில் போட்டிருக்கும் படம் அப்படித்தான் சொல்கிறது. பெரும்பாலும் உண்மை.

இதில் அந்த ஓட்டைதான் விஷயம். ஜெல்லி அச்சைவிட்டு வராததற்கு இரண்டு காரணம் உண்டு. ஒன்று, ஜெல்லியை இறுகவைக்கும் ஜெலட்டினே ஒரு பசைதான். மாட்டுத்தோல், பன்றித்தோல், எலும்பு இவற்றில் இருக்கும் கொலாஜன் என்ற புரதத்திலிருந்து எடுப்பது அது. தச்சர்கள் மரத்தை ஒட்டக் காய்ச்சிய பழைய வஜ்ஜிரமும் அதே சாதி. ஒட்டுவது அதன் பிறவிக்குணம். இரண்டாவது காரணத்தை நிறையப் பேர் யோசிப்பதில்லை: காற்று. ஜெல்லி அச்சின் சுவரோடு ஒட்டிக்கொண்டு இறுகும்போது இடையில் ஒரு பொட்டுக் காற்றும் இருக்காது. கவிழ்த்தால் ஜெல்லி கீழே இறங்கப் பார்க்கும். இறங்கினால் மேலே வெற்றிடம் உண்டாக வேண்டும், வெளிக்காற்று அதை விடாது. ஒரு சதுர சென்டிமீட்டருக்குக் கிட்டத்தட்ட ஒரு கிலோ அழுத்தம். பத்து சென்டிமீட்டர் அகல வட்டத்துக்குக் கணக்குப் போட்டால் எண்பது கிலோ அளவுக்கு வருகிறது. அதை எதிர்த்து ஒரு கிலோ ஜெல்லி தன் எடையால் மட்டும் எப்படி இறங்கும்? எங்கேயாவது ஒரு கீற்று வழியாகக் காற்று உள்ளே போனால்தான் உண்டு. ஈர விரலால் ஓரத்தை மெல்ல உள்பக்கமாக இழுத்துவிடு, அச்சைச் சாய்த்துச் சுற்று, தட்டில் வைத்து ஒரு உலுக்கு உலுக்கு என்று சொல்வதெல்லாம் அந்தக் கீற்றை உண்டாக்கத்தான். ஆழமான, மடிப்புள்ள அச்சில் அந்தக் கீற்று அடிவரை போய்ச் சேர்வதற்குள் நம் பொறுமை போய்விடும்.

இந்த அச்சில் அடியிலேயே வாசல் இருக்கிறது. ஆனால் எனக்குப் பிடித்துப்போனது வேறு ஒன்று. உலோக அச்சில் முதலில் வெந்நீரில் முக்கி ஜெல்லியை இளக்கிவிட்டு அப்புறம் கவிழ்க்க வேண்டும். அதாவது நழுவத் தயாராக இருக்கும் ஒன்றை, அதுவும் அவசரமாக, கையில் வைத்துக்கொண்டு திருப்ப வேண்டும். இதில் வரிசை தலைகீழ். முதலில் திருப்பி வைத்துவிடலாம், இளக்குவது பிறகு. சின்ன மூடி இறுகியிருக்கும்வரை ஜெல்லி எங்கேயும் போகாது, காற்றே அதைப் பிடித்துக்கொண்டிருக்கும். பாதித் திருப்பலில் நிறுத்தி, கையை மேடைமேல் ஊன்றி, மூச்சு வாங்கிவிட்டுக்கூடத் திருப்பலாம். நான் அப்படித்தான் செய்கிறேன். இத்தனை நாள் என்னை அழவைத்த அதே காற்றுப்பிடிப்பு இப்போது என் மணிக்கட்டுக்கு முட்டுக்கொடுக்கிறது.

திருப்பியபின் செய்வது: வெந்நீரில் ஒரு துண்டை நனைத்துப் பிழிந்து அச்சைச் சுற்றிக் கட்டிவிடுவேன். கையில் எடுத்தால் இதமாகச் சுட வேண்டும், கை உதறும் அளவுக்கு வேண்டாம். ஜெலட்டின் 30 முதல் 35 டிகிரிக்குள்ளேயே இளகிவிடும். அதனால்தான் வாயில் போட்டதும் கரைகிறது, அதனால்தான் கொஞ்சம் அதிகப்படியாகச் சூடு காட்டினாலும் மடிப்பு போய்விடுகிறது. உலோகத்துக்கு ஐந்து விநாடி போதும். பிளாஸ்டிக்கில் சூடு மெதுவாகத்தான் ஏறும், எனக்கு முப்பது விநாடி பிடிக்கிறது. மெதுவாக ஏறுவது இங்கே நல்லதுதான். நாலு விநாடி கூடினாலும் குறைந்தாலும் குடி முழுகிவிடாது, போன் அடித்தால் எடுத்தே பேசலாம். சுருக்கமாக.

அப்புறம் சின்ன மூடி. இதைக் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் காகிதத்தில் "மூடியை நீக்கவும்" என்று இரண்டே வார்த்தையில் முடித்துவிட்டார்கள். மூடியின் ஓரத்தில் நகம் நுழையும் அளவுக்கு ஒரு நாக்கு நீட்டிக்கொண்டிருக்கிறது. அதைப் பிடித்து நேராக மேலே இழுத்தால் பூவின் இதழ்கள் மூடியோடு வந்துவிடும். முதல் இரண்டு முறையும் எனக்கு அப்படித்தான் ஆனது. ஜெல்லியின் தலையில் எலி கடித்த மாதிரி பள்ளம். இழுக்கக் கூடாது, உரிக்க வேண்டும். நாக்கை ஒரு நூல் மட்டும் தூக்கினால் "ப்ச்" என்று சின்னதாக ஒரு சத்தம் வரும். அங்கேயே நிறுத்திவிடுங்கள். உற்றுப் பார்த்தால் மூடிக்கும் ஜெல்லிக்கும் நடுவில் வெள்ளிபோல ஒரு பளபளப்பு ஓரத்திலிருந்து மெல்லப் பரவுவது தெரியும். அதுதான் உள்ளே நுழையும் காற்று. அது பூ முழுவதும் பரவி மறுபக்கம் சேர்ந்ததும் மூடியைச் சுருட்டினாற்போல் எடுக்கலாம். ஒரு இதழ்கூடக் கிழியாது. அடுத்து ஜெல்லி தானாக ஒரு நூல் கீழே இறங்குவதைப் பார்க்கலாம், தோளைத் தளர்த்துகிற மாதிரி. அதன்பின் உடம்பை நேராக, ஆட்டாமல் மேலே தூக்க வேண்டும். என் வீட்டுக்காரர் அந்த "ப்ச்" சத்தத்துக்காகவே சமையலறைக்கு வந்து நிற்கிறார்.

இனி குறைகள். இருக்கின்றன, நிறையவே.

முதல் நாள் காலை ஃபிரிட்ஜைத் திறந்தால் கீழ்த்தட்டில் சிவப்புக் குளம். சின்ன மூடி கசிந்திருக்கிறது. காரணத்தைக் கண்டுபிடிக்க மூன்று முறை ஆனது. கொதிக்கக் கொதிக்க ஊற்றினால் பிளாஸ்டிக் இளகி மூடியின் பிடி தளர்ந்துவிடுகிறது. இப்போதெல்லாம் கலவையை நன்றாக ஆறவிட்டு, லேசாகப் பாகுபோலக் கெட்டியாக ஆரம்பிக்கும்போதுதான் ஊற்றுகிறேன். அதுவும் முதலில் ஒரு விரற்கடை மட்டும் ஊற்றி ஃபிரிட்ஜில் வைத்து, அது இறுகி மூடியின் இடுக்கை அடைத்தபின் மீதியை ஊற்றுவேன். வேலை செய்கிறது. ஆனால் காசு கொடுத்து வாங்கிய அச்சின் ஓட்டையை ஜெல்லியை வைத்தே நாம் அடைக்க வேண்டியிருக்கிறது என்பதை யோசித்தால் எரிச்சலாகத்தான் இருக்கிறது.

முதல் அடுக்கு முழுவதும் இறுகும்வரை காத்திருக்கவும் கூடாது. தொட்டால் விரலில் பிசுபிசுவென்று ஒட்டும் நிலையில் அடுத்ததை ஊற்ற வேண்டும். கல்லாக இறுகிய அடுக்கின்மேல் ஊற்றினால் இரண்டும் சேராது. கவிழ்த்தபின் மேலே இருப்பது தொப்பி கழல்வதுபோல் வழுக்கிக்கொண்டு போய்விடும். எனக்குப் போனது.

இரண்டாவது குறை, அளவு. பாதி அச்சு ஜெல்லி செய்யலாம் என்று நினைத்தால் முடியாது. கழுத்துவரை நிரப்பியே ஆக வேண்டும். விளிம்புக்கும் பெரிய மூடிக்கும் நடுவில் ஒரு விரல் இடைவெளி இருந்தாலும், திருப்பி வைத்துச் சின்ன மூடியைத் திறந்ததும் ஜெல்லி அந்த உயரத்திலிருந்து "தொப்" என்று விழும். எனக்கு நடுவில் நெடுக்காகப் பிளந்துகொண்டது. ஆனால் விளிம்புவரை நிரப்பிய அச்சைத் தளும்பாமல் ஃபிரிட்ஜ்வரை கொண்டுபோக யாரால் முடியும்? அச்சை முதலில் ஃபிரிட்ஜில் வைத்துவிட்டு, கடைசி ஒரு டம்ளரை அங்கேயே போய் ஊற்றுவதுதான் வழி.

பெரிய மூடியையே பரிமாறும் தட்டாக வைத்துக்கொள்ளலாம் என்கிறார்கள். வைக்கலாம். டிபன் பாக்ஸ் மூடிமேல் வைத்த மாதிரி இருக்கும். விருந்தாளி வரும் நாளில் நான் பெரிய மூடியைக் கழற்றிவிட்டு, தண்ணீர் தெளித்த பீங்கான் தட்டை வாயில் கவிழ்த்து, இரண்டையும் சேர்த்துப் பிடித்துத் திருப்புகிறேன். சின்ன மூடி இறுகியிருப்பதால் இதிலும் அவசரம் இல்லை. தட்டில் தண்ணீர் தெளிப்பதை மட்டும் விட்டுவிடாதீர்கள். காய்ந்த தட்டில் ஜெல்லி விழுந்த இடத்திலேயே ஒட்டிக்கொள்ளும், ஈரத் தட்டில் கோணலாக விழுந்தாலும் மெல்லத் தள்ளி நடுவுக்குக் கொண்டுவரலாம்.

சின்ன மூடி உட்காரும் இடத்தில் ஜெல்லியின்மேல் வட்டமாக ஒரு கோடு விழுகிறது. உலோக அச்சின் தெளிவு இதில் வராது. வரிப்பள்ளங்களும் ஆழமில்லை, முனைகள் எல்லாம் வழவழப்பாக இருக்கும். ஒளி ஊடுருவும் ஜெல்லியைக் கண்ணாடி வெட்டினாற்போல் நிறுத்த வேண்டும் என்கிறவர்களுக்கு இது ஏமாற்றம். எனக்கு அது பெரிய விஷயமில்லை. கோட்டின்மேல் சுற்றிலும் கிரீம் வைத்துவிடுவேன். மூடியின் விளிம்புக் காடியைப் பழைய டூத்பிரஷ் இல்லாமல் சுத்தம் செய்ய முடியாது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

காகிதத்தில் அச்சு முழுக்க எண்ணெய் தடவச் சொல்கிறார்கள். பால் சேர்ந்த பன்னா கோட்டா மாதிரியானவற்றுக்குச் சரி, தெரியாது. தெளிந்த பழச்சாறு ஜெல்லிக்கு வேண்டாம். பளபளப்பு போய் மேலே புகை படிந்த மாதிரி ஆகிவிடும், அங்கங்கே எண்ணெய்த் துளி முத்து முத்தாக நிற்கும். தடவியே ஆக வேண்டுமானால் வாசனையில்லாத எண்ணெயைத் தடவி, டிஷ்யூ காகிதத்தால் துடைத்து எடுத்துவிட்டு, துடைத்தும் மிச்சம் நிற்பதே போதும் என்று விட்டுவிடுங்கள்.

ஒரு விஷயத்தில் இந்த அச்சின்மேல் அநியாயமாகப் பழி போடவிருந்தேன். மூன்றாம் முறை அன்னாசித் துண்டு போட்டுச் செய்தேன். ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜில் இருந்தும் காலையில் ரசம் மாதிரி தளதளவென்று ஆடுகிறது. பிளாஸ்டிக்கில் குளிர் ஏறவில்லை, அச்சு மோசம் என்று இந்த மதிப்புரையின் முதல் வரியை எழுதியே விட்டேன். பிறகுதான் உறைத்தது. பச்சை அன்னாசியில் புரோமெலைன் என்ற நொதி இருக்கிறது. அது புரதத்தைத் துண்டுதுண்டாக வெட்டிவிடும். ஜெலட்டின் புரதம்தானே, அப்புறம் எங்கே இறுகும்? பப்பாளி, கிவி, அத்தி, இஞ்சி எல்லாம் இதே கட்சி. கொதிக்கவைத்துவிட்டால் நொதி செத்துவிடும். டின்னில் வரும் அன்னாசி ஏற்கெனவே சூடு கண்டது என்பதால் பிரச்சினையில்லை. எழுதிய வரியை அழித்துவிட்டேன்.

அளவைப் பற்றியும் கேட்பீர்கள். 7 கிராம் ஜெலட்டின் தூளுக்கு இரண்டு கப் திரவம் என்பது வழக்கமான கணக்கு. கிண்ணத்திலேயே வைத்துக் கரண்டியால் சாப்பிட அது தாராளம். இவ்வளவு உயரத்துக்குத் தனியாக நிற்க வேண்டும் என்றால் நான் ஒன்றரை கப்புக்கு 7 கிராம் போடுகிறேன், முழு அச்சுக்கு 23, 24 கிராம் வரும். அதற்கு மேல் போட்டால் அழகாக நிற்கும், வாயில் ரப்பர். எலுமிச்சைச்சாறு அதிகம் சேர்ந்தால் பிடி தளரும் என்பதையும் கணக்கில் வையுங்கள். தூளைக் குளிர்ந்த நீரில் தூவி ஐந்து, பத்து நிமிஷம் ஊறவிட்டு, அப்புறம் சூடான திரவத்தில் கரைக்க வேண்டும். கொதிக்கவிட்டால் வலு குறையும். பாக்கெட்டில் புளூம் என்று போட்டு ஒரு எண் இருந்தால் பாருங்கள். ஜெல் எவ்வளவு கெட்டியாக நிற்கும் என்பதற்கான அளவு அது. அந்தச் சோதனைக் கருவிக்கு 1925இல் காப்புரிமை வாங்கிய ஆஸ்கர் புளூம் என்பவரின் பெயர். சந்தையில் 50லிருந்து 300வரை இருக்கிறது. எண் பெரிதானால் குறைவாகப் போட்டால் போதும். ஒரு பாக்கெட்டில் சரியாக வந்தது அடுத்த பாக்கெட்டில் வராமல் போவதற்கு இந்த எண்ணும் ஒரு காரணம். அதற்கும் அச்சைத்தான் திட்டுவோம்.

அசைவம் என்பதால் ஜெலட்டின் வேண்டாம் என்று அகர் அகர் பயன்படுத்துகிறவர்கள் இந்த அச்சை வாங்க வேண்டாம். அகர் 35, 40 டிகிரியிலேயே இறுக ஆரம்பித்துவிடும், அதனால் சூடாகவே ஊற்ற வேண்டும். சூடாக ஊற்றினால் மூடி கசியும் என்று மேலேயே சொன்னேன். தவிர, இறுகிய அகர் மறுபடி உருக 85 டிகிரி வேண்டும். வெந்நீர்த் துண்டால் அதை ஒன்றும் செய்ய முடியாது, தேவையும் இல்லை. அது தானாகவே கொஞ்சம் நீர்விட்டுச் சுருங்கி, ஓரத்தை விரலால் தொட்டாலே விலகிக்கொள்ளும். சாதாரணக் கிண்ணமே போதும்.

சிலிகான் அச்சு எதற்காக இருக்கிறது என்றும் கேட்கலாம். சின்னச் சின்னக் குழிகள் உள்ளதென்றால் வாங்குங்கள், சுவரை விரலால் விலக்கிக் காற்றை விட்டுவிடலாம். ஒரு லிட்டர் அளவில் அது வெறும் தொளதொளப்பு. தூக்கும்போதே வயிறு வளைந்து உள்ளே இருப்பது விரிசல் விடும். உறையவைத்து எடுத்தால் சுலபம் என்பார்கள். மூஸ் மாதிரி நுரைத்த கிரீம் இனிப்புக்குச் சரி. தெளிந்த ஜெல்லியை உறையவைத்தால் பனிக்கட்டித் துகள்கள் உள்ளே எல்லாவற்றையும் அறுத்துவிட்டு, உருகும்போது தண்ணீராகக் கக்கும்.

ஐந்துக்கு மூன்றரை கொடுக்கிறேன். கை பலமாக இருந்து, ஐந்துவரை ஒழுங்காக எண்ணவும் தெரிந்தவர்களுக்கு உலோக அச்சுதான் அழகு. என்னைப் போல மணிக்கட்டோ மூட்டோ வலிக்கிறவர்கள், அல்லது ஒவ்வொரு முறையும் கண்ணை மூடிக்கொண்டு கவிழ்க்கிறவர்கள், இதை வாங்கலாம். ஆறு மாதத்தில் பதினேழு முறை செய்திருக்கிறேன். கடைசி ஒன்பதில் ஒன்றுகூட உடையவில்லை.

சின்ன மூடி மட்டும் தனியாகக் கிடைக்குமா என்று விற்றவர்களுக்கு இரண்டு முறை எழுதிக் கேட்டேன். பதில் இல்லை. இன்றைக்கும் ஒன்று உள்ளே இருக்கிறது, திராட்சை. அடியில் ஒரு தட்டு வைத்துத்தான் வைத்திருக்கிறேன்.